பட்டியலை மறைத்தால் மட்டும் போதாது

டிரெக்டரி லிஸ்டிங்கை, அதாவது ஒரு ஃபோல்டரில் உள்ள கோப்புகளின் பட்டியலை பிரவுசரில் காட்டுவதை, நிறுத்திவிட்டால் கோப்புகள் பத்திரம் என்கிறது இணையத்தளப் பாதுகாப்பு பற்றிய ஒரு கட்டுரை. அரைவாசிதான் சரி. பட்டியல் தெரியாது, அவ்வளவுதான். பெயரை ஊகிக்கிறவனுக்குக் கதவு திறந்தேதான் கிடக்கிறது. பேக்அப்.ஜிப் (தளத்தின் பிரதி), டாட் என்வ் (கடவுச்சொற்கள் இருக்கும் கோப்பு), டாட் கிட் (நிரலின் மாற்றங்களைச் சேமிக்கும் ஃபோல்டர்) என்று தேடித் திரியும் பொட்டுகளின், அதாவது தானியங்கி நிரல்களின், தடத்தை எந்த சேர்வரின் அக்சஸ் லொக்கிலும் (வந்த கோரிக்கைகளின் பதிவு) காணலாம்.

யாழ்ப்பாணத்தில் ஒரு சங்கத்தின் தளம். கல்வி உதவிக்கு விண்ணப்பித்த பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், தாய் தகப்பனின் அடையாள அட்டை, வங்கிப் புத்தகத்தின் முதல் பக்கம் எல்லாம் அப்லோட்ஸ் ஃபோல்டருக்குள். கோப்புப் பெயர்கள் 1, 2, 3 என்று வரிசையாக! ஒன்றின் இணைப்பு கிடைத்தால் மிச்சத்துக்கு இலக்கத்தை மாற்றினால் சரி. பேந்தென்ன, அந்த ஃபோல்டரை, எதைத் தொட வேண்டாம் என்று தேடுபொறிகளுக்குச் சொல்லும் ரோபோட்ஸ்.டிஎக்ஸ்டி கோப்பில் போட்டு 'மறைத்தும்' இருந்தார்கள். அதை யாரும் வாசிக்கலாம் ஐயா. ஒளித்த இடத்தை நாமே எழுதி ஒட்டியது போலத்தான்.

இப்படியான ஆவணங்களை வெப் ரூட்டுக்கு (இணைய முகவரியால் நேரடியாகத் திறக்கக்கூடிய ஃபோல்டர்) வெளியே வைத்து, லொகினைச் சரிபார்த்த பிறகு ஸ்கிரிப்ட் வழியாகக் கொடுக்க வேண்டும். இலங்கையின் 2022 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டமும் இருக்கிறது, கவனம்.

கட்டுரையில் விடுபட்ட இன்னொன்று: அப்பாச்சி என்ற வெப் சேர்வர் மென்பொருளுக்காக டாட் எச்டிஅக்சஸ் என்ற அமைப்புக் கோப்பில் எழுதிய தடைகளை, என்ஜின்எக்ஸ் என்ற மற்ற சேர்வர் மென்பொருள் வாசிக்கவே வாசிக்காது. ஹோஸ்டிங் மாற்றியவர்கள், லொகின் செய்யாத பிரவுசரில் பழைய கோப்பு இணைப்பு ஒன்றைத் திறந்து பாருங்கள். 403 (அனுமதியில்லை) அல்லது 404 (கிடைக்கவில்லை) வர வேண்டும்.