காட்ஜில்லாவுக்குள்ள இருந்தவரு நடிகர்தான்

ஞாயித்துக்கிழமை நீங்க போட்ட காட்ஜில்லா, அதான் அந்த ஜப்பான் ராட்சச மிருகப் படம், முடிஞ்சு பேசினப்ப நடந்தது வந்திருந்த எல்லாருக்கும் தெரியும். ஒருத்தர், பேர் சொல்லல, "ரப்பர் டிரெஸ்ஸுக்குள்ள எவனோ ஒருத்தன் தையா தக்கான்னு குதிக்கிறான், இதப் போய் நடிப்புன்னு பேசணுமா"ன்னாரு, எல்லாரும் சிரிச்சீங்க. அங்கயே சொல்லியிருக்கணும், தொண்ட அடச்சிக்கிச்சு.

அந்த எவனோ ஒருத்தனுக்குப் பேர் இருக்குங்க. ஹாருவோ நகாஜிமா. 1954ல இருந்து 1972 வரைக்கும் 12 படத்துல காட்ஜில்லா அவருதான். முதல்ல செஞ்ச டிரெஸ் கிட்டத்தட்ட 100 கிலோ, அதுக்குள்ள ஸ்டுடியோ லைட் சூட்டுல நின்னுக்கிட்டு, வெளிய சரியா கண்ணும் தெரியாம நடக்கணும். பனியனப் பிழிஞ்சா வேர்வ ஊத்துமாம். கேமராவையும் வேகமா ஓட்டி எடுப்பாங்க, அப்பதான் திரையில அது கனமா மெதுவா நடக்குற மாதிரி தெரியும், ஸோ ஒவ்வொரு அடியையும் அந்தக் கணக்குக்கு வைக்கணும். நடை சரியா வரணும்னு டோக்கியோ உயெனோ ஜூவுக்குப் போய் யானை கரடியெல்லாம் எப்படி நடக்குதுன்னு பாத்துட்டு வந்த மனுஷன். சும்மா குதிக்கிறவன் எதுக்குங்க ஜூவுக்குப் போறான்? நடிகன்தான் போவான்.

எனக்கு ஏன் இவ்ளோ கோவம்னா, காலேஜ் படிக்கிறப்ப ஒரு கடை திறப்பு விழாவுல கரடி டிரெஸ் போட்டு நின்னுருக்கேன். மூக்குக்கு நேரா கையகலம் வலை, அதுல தெரியுறதுதான் வெளிச்சம். ஒரு பையன் பின்னால வந்து முதுகுல ஓங்கிக் குத்துனான், அவங்கப்பா சிரிச்சிக்கிட்டே வீடியோ எடுத்தாரு. உள்ள நான் அழுதுட்டு இருக்கேன், வெளிய கரடி கைய ஆட்டிக்கிட்டே இருக்கு. தலையக் கழட்டிட்டு தண்ணி கேட்டா "யாருப்பா நீ"ங்குறாங்க. சம்பளத்துலயும் பாதிதான் குடுத்தாங்க. நான் நின்னது மூணு மணி நேரம், அவரு 18 வருஷம்.

"எல்லாம் ட்சுபுராயாவோட ஸ்பெஷல் எஃபெக்ட்ஸ்"னு வருவீங்க. அந்தப் படங்களோட ஸ்பெஷல் எஃபெக்ட்ஸ் டைரக்டர் அவரு, பெரிய ஆளு, யாரு இல்லன்னா? ஆனா செட்டுல பொம்மையா கட்டுன அந்தக் குட்டி டோக்கியோவ மிதிச்சது யாரு காலு? முதல் படத்துல கட்சுமி தெசுகாவும் அந்த டிரெஸ்ஸ போட்டாருன்னு இன்பாக்ஸ்ல ஒருத்தர். ஆமா போட்டாரு, அவரும் நடிகர்தான். இப்ப சிஜி வந்துருச்சேன்னு கேக்குறவங்களோட எனக்குப் பேச்சே இல்ல.

மூஞ்சியக் காட்டுனாதான் நடிகனா? குரோசவா எடுத்த செவன் சாமுராய் படத்துல நகாஜிமா கொள்ளைக்கூட்டத்துல ஒருத்தரா மூஞ்சியக் காட்டித்தான் வந்தாரு, உங்கள்ல எத்தன பேரு கவனிச்சீங்க? கடைசியில காட்ஜில்லா படங்கள எடுத்த டோஹோ கம்பெனி அவர தன்னோட பவுலிங் சென்டர்ல வேலைக்குப் போட்டுச்சு. அங்க பந்து உருட்ட வந்த எத்தன பசங்களுக்கு எதிர்ல நிக்குறது யாருன்னு தெரிஞ்சிருக்கும்? அத நெனச்சா வயிறு எரியுது. 2017 ஆகஸ்ட்ல, 88 வயசுல போயிட்டாரு.

அடுத்த மாசம் ரோடான் போடப்போறீங்க. அந்தப் படத்துல வர்ற பறக்குற ராட்சச மிருகத்துக்குள்ளயும் இவருதான், ஷூட்டிங்ல கம்பி அறுந்து அவ்ளோ உயரத்துல இருந்து தண்ணில விழுந்தாரு. போஸ்டர்ல டைரக்டர் பேருக்குக் கீழ இவரு பேரையும் போடுங்க. இடம் இல்லன்னு மட்டும் சொல்லாதீங்க, டிசைன் நானே பண்ணித் தரேன்.