படகு இருந்தது, நேரம் இல்லை

என் மகள் ஏழாம் வகுப்பு. போன வாரம் டைட்டானிக் பற்றி ஒரு பக்கம் எழுதிவரச் சொல்லியிருந்தார்கள். "உயிர்காப்புப் படகுகள் போதாததால் 1,500 பேர் இறந்தார்கள்" என்று எழுதி முழு மதிப்பெண் வாங்கி வந்தாள். பொய் இல்லை. கப்பலில் இருந்தது 2,200 பேருக்கு மேல், 20 படகிலும் சேர்த்து இடம் 1,178 பேருக்குத்தான். ஆனால் நாம் எல்லோரும் அந்த ஒரு வரியோடு நின்றுவிடுவது எனக்குப் பல வருடமாக உறுத்திக்கொண்டே இருக்கிறது. அன்று இரவு சாப்பாடு முடிந்ததும் அவளை உட்காரவைத்து எம்பிரஸ் ஆஃப் அயர்லாந்து கப்பலின் கதையைச் சொன்னேன். பெயரைக்கூட அவள் கேள்விப்பட்டதில்லை. பெரியவர்களிலும் கேள்விப்பட்டவர்கள் குறைவுதான்.

1914 மே 28 பிற்பகல், 1,477 பேருடன் அந்தக் கப்பல் கனடாவின் கியூபெக் நகரிலிருந்து லிவர்பூலுக்குக் கிளம்பியது. டைட்டானிக் மூழ்கி இரண்டு வருடம் ஆகியிருந்தது. பாடம் கற்றுவிட்டார்கள். எம்பிரஸில் எல்லோருக்கும் போதும் போதும் என்கிற அளவுக்குப் படகு இருந்தது.

நள்ளிரவு தாண்டி, செயின்ட் லாரன்ஸ் ஆற்றில் ரிமூஸ்கி ஊருக்குப் பக்கத்தில், எதிரே ஸ்டார்ஸ்டாட் என்ற நார்வே நாட்டு நிலக்கரிக் கப்பல் வந்தது. இரண்டு கப்பல்காரர்களும் ஒருவர் விளக்கை ஒருவர் பார்த்துவிட்டார்கள். அப்புறம்தான் நடுவில் மூடுபனி இறங்கியது. 2 மணிக்குச் சற்று முன் ஸ்டார்ஸ்டாட்டின் முனை எம்பிரஸின் வலப்பக்க விலாவில் ஏறியது. எம்பிரஸ் கேப்டன் ஹென்றி கெண்டல் (1910இல் கொலையாளி கிரிப்பனைக் கம்பியில்லாத் தந்தி கொடுத்துப் பிடிக்கவைத்தவர் இவர்தான்) மெகாஃபோனில் கத்தினார்: முன்னோக்கியே ஓட்டு, பின்னால் எடுக்காதே! குத்திய கத்தியை உருவினால் ரத்தம் கொட்டுமே, அந்தக் கணக்கு. ஆனால் இரண்டு கப்பலும் விலகிப்போயின. ஆறு உள்ளே வந்தது.

இனிமேல் நடந்ததற்கு மொத்தம் 14 நிமிடம். அடுப்பில் குக்கர் வைத்து இறக்குகிற நேரம்.

நீர்புகாக் கதவுகளைக் கையால் திருகித்தான் மூட வேண்டும், அதற்கு அவகாசமே கிடைக்கவில்லை. கப்பல் வலப்பக்கம் சாய்ந்ததும் அந்தப் பக்க அறைகளின் வட்டச் சன்னல்கள் தண்ணீர் மட்டத்துக்கு வந்துவிட்டன. காற்றுக்காகப் பல சன்னல்களைத் திறந்து வைத்திருந்தார்கள். கீழ்த்தட்டு அறைகளில் தூங்கிக்கொண்டிருந்தவர்களில் நிறையப் பேருக்கு எழுந்து நிற்கக்கூட நேரமில்லை. சாய்வு கூடக் கூட இடப்பக்கத்துப் படகுகளை இறக்கவே முடியாமல் போனது. மொத்தத்தில் தண்ணீரைத் தொட்டது விரல்விட்டு எண்ணக்கூடிய படகுகள்தான். சில நிமிடங்களில் மின்சாரமும் போய், எல்லாம் இருட்டு.

கடைசியில் கப்பல் அப்படியே பக்கவாட்டில் படுத்துவிட்டது. நூற்றுக்கணக்கானவர்கள் சன்னல் வழியாகவும் கைப்பிடிக் கம்பி மேலேறியும் கப்பலின் விலாப்பக்கத்துக்கு வந்து, அந்த இரும்புச் சரிவில் நின்றார்கள், உட்கார்ந்தார்கள். கப்பல் மருத்துவர் ஜேம்ஸ் கிராண்ட்டும் ஒரு வட்டச் சன்னல் வழியாகத்தான் வெளியே வந்தார். கால் ஈரமாகாமல், இரவு உடையோடு, ஓரிரு நிமிடம். அப்புறம் அதுவும் கீழே போய்விட்டது.

இறந்தவர்கள் 1,012 பேர். கப்பலில் இருந்த 138 குழந்தைகளில் பிழைத்தது 4 பேர்.

சரி, இப்போது மறுபடி டைட்டானிக்குக்கு வாருங்கள். அது மூழ்க 2 மணி 40 நிமிடம் எடுத்துக்கொண்டது. பெரிதாகப் பக்கவாட்டில் சாயவும் இல்லை, அதனால் இரண்டு பக்கமும் படகு இறக்க முடிந்தது. அவ்வளவு நேரம் இருந்தும் கடைசி இரண்டு மடக்குப் படகுகளை முறையாக இறக்க முடியவில்லை, தண்ணீர் வந்துவிட்டது. 65 பேர் ஏறக்கூடிய முதல் படகு 28 பேரோடு போனது. இன்னும் 20 படகு இருந்திருந்தால் எல்லோரும் பிழைத்திருப்பார்கள் என்று சொல்கிறவர்களிடம் நான் கேட்பது ஒன்றுதான்: அவற்றை யார், எப்போது இறக்கியிருப்பார்கள்?

எம்பிரஸுக்கு அடுத்த வருடமே இன்னொரு சாட்சி. 1915 மே 7, அயர்லாந்துக் கரைக்கு அருகே லூசிடானியா என்ற பிரிட்டிஷ் பயணிகள் கப்பல் மீது ஜெர்மன் நீர்மூழ்கியின் டார்பிடோ பாய்ந்தது. 18 நிமிடத்தில் முடிந்தது. 48 படகு இருந்தும் ஒழுங்காக இறங்கியது 6. அங்கேயும் சாய்வு, அங்கேயும் திறந்திருந்த சன்னல்கள். இந்த மூன்று விபத்துகளையும் விசாரித்தவர் ஒரே ஆள், பிரிட்டிஷ் நீதிபதி மெர்சி பிரபு. எம்பிரஸ் வழக்கில் ஸ்டார்ஸ்டாட் மேல்தான் தவறு என்றார், நார்வே விசாரணை அதற்கு நேர்மாறாகச் சொன்னது. அந்த வாதத்துக்குள் நான் போகவில்லை.

டைட்டானிக்கின் தங்கைக் கப்பலான பிரிட்டானிக், மருத்துவமனைக் கப்பலாக இருந்தபோது 1916 நவம்பரில் கிரேக்கக் கடலில் கண்ணிவெடியில் சிக்கியது. டைட்டானிக் அனுபவத்துக்குப் பிறகு பலப்படுத்திய கப்பல் அது, ஆனாலும் வார்டுகளுக்குக் காற்று வரட்டும் என்று செவிலியர் திறந்து வைத்திருந்த சன்னல்கள் வழியே கடல் புகுந்தது. 55 நிமிடம் கிடைத்தது. காலை வேளை, குளிராத தண்ணீர், கப்பலில் நோயாளிகளும் இல்லை. இருந்த ஆயிரத்துச் சொச்சம் பேரில் இறந்தது 30 பேர்.

எம்பிரஸை ஏன் மறந்தோம்? பெயர்பெற்ற கோடீஸ்வரர் கூட்டம் அதில் இல்லை. அது பிழைக்கப் போன குடும்பங்களை வருடக்கணக்கில் கனடாவுக்கு ஏற்றிச்சென்ற கப்பல், அன்று இறந்தவர்களில் பலர் ஊர் திரும்பிக்கொண்டிருந்த சாதாரணத் தொழிலாளர்கள். இரண்டு மாதத்தில் உலகப்போரும் வந்து செய்தித்தாள் முழுவதையும் எடுத்துக்கொண்டது. எனக்கு இது பெரிய அநியாயமாகவே படுகிறது.

அந்தக் கப்பலில் இரட்சணிய சேனை (சால்வேஷன் ஆர்மி) என்ற கிறிஸ்தவ அமைப்பைச் சேர்ந்தவர்கள் 150க்கும் மேல் லண்டன் மாநாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். நாகர்கோவில் பக்கத்தாருக்கு நன்றாகத் தெரிந்த அதே அமைப்பு. அவர்களின் கனடா இசைக்குழுவை நடத்தியவர் எட்வர்ட் ஹானகன். அவரும் மனைவியும் போய்விட்டார்கள். பிழைத்த 4 குழந்தைகளில் ஒருத்தி அவர்கள் மகள் கிரேஸ், அப்போதுதான் ஏழு வயது முடிந்திருந்தது. உயிரோடு மிஞ்சிய கடைசி ஆளும் அவர்தான். 1995 வரை இருந்தார்.

இதையெல்லாம் கேட்டுவிட்டு மகள் படகைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. "சன்னலை ஏன்ப்பா யாரும் மூடல?" என்றாள். ஆறுதானே, கடல் இன்னும் வரவில்லையே, அலை இல்லை, காற்று வரட்டும் என்று விட்டிருப்பார்கள் என்றேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாள். பிறகு நோட்டை எடுத்து, மதிப்பெண் போட்டிருந்த அந்தப் பக்கத்தின் அடியிலேயே பென்சிலால் "எம்பிரஸ் ஆஃப் அயர்லாந்து, 14 நிமிடம்" என்று எழுதிவைத்தாள்.