சந்தியாப்பிள்ளை ஆங்கிலப் பெயரா?

சந்தியாப்பிள்ளை, பஸ்தியாம்பிள்ளை, சவிரிமுத்து எல்லாம் ஆங்கிலேயர் திணித்த அர்த்தமற்ற பெயர்கள் என்றொரு தகவல் யாழ்ப்பாணத்து வட்ஸ்அப் குழுக்களில் சுற்றுகிறது. அது தவறு.

ஆங்கிலேயர் யாழ்ப்பாணத்தைப் பிடித்தது 1795இல். இந்தப் பெயர்களோ 1619இல் யாழ்ப்பாண அரசைக் கைப்பற்றிய போர்த்துக்கேயர் வழி வந்தவை. ஆங்கிலேயர் தந்திருந்தால் 'ஜேம்ஸ்பிள்ளை' என்றல்லவா இருந்திருக்கும்? ஆங்கிலத்தில் ஜேம்ஸ் எனப்படும் புனிதரை, குருநகர்க் கோயிலில் நாம் கும்பிடும் யாகப்பரைத்தான் போர்த்துக்கேயர் 'சந்தியாகு' என்றார்கள். 'சாந்து' புனிதர், 'இயாகு', யாக்கோபு என்ற எபிரேயப் பெயரின் திரிபு.

சவிரி இன்னும் சுவையானது. பிரான்சிஸ் சவேரியார் 1506இல் பிறந்த, வட ஸ்பெயினிலுள்ள கோட்டையின் பெயர் அது. பாஸ்க் மொழியில் 'புது வீடு'. பஸ்தியான் என்பது செபஸ்தியானின் சுருக்கம். அதன் வேர், வணக்கத்துக்குரிய என்று பொருள்படும் கிரேக்கச் சொல்.

பிள்ளை, முத்து, தம்பி என்ற ஒட்டுகள் முழுக்கத் தமிழ். எங்கள் முன்னோர் தங்கள் குழந்தைகளை ஆசையோடு கூப்பிட்ட சொற்கள். இந்தத் தகவலைப் பகிர்ந்தவர்கள் தயவுசெய்து அழித்துவிடுங்கள். அந்தப் பெயரோடு வாழ்கிறவர்களை அது நோகடிக்கிறது.