பெங்குவினுக்கு உதவிய கேமராமேனின் வேலை போகவில்லை

"பனிப்பள்ளத்தில் தவித்த பெங்குவின்களுக்கு உதவியதால் பிபிசி கேமராமேன் வேலையிலிருந்து தூக்கப்பட்டார். விலங்குக்கு உதவினால் வேலை போய்விடும், அதுதான் அந்தத் தொழிலின் விதி" என்று ஒரு வாட்ஸ்அப் செய்தி சுற்றுகிறது. உதவியது உண்மை, மற்றதெல்லாம் கதை.

இடம் அண்டார்டிகாவின் அட்கா விரிகுடா. 'டைனஸ்டீஸ்' என்ற பிபிசி வனவிலங்குத் தொடருக்காக அந்தக் கேமராமேன் லிண்ட்சே மெக்ரே இரண்டு சகாக்களுடன் கிட்டத்தட்ட 11 மாதம் அங்கே தங்கிப் படம்பிடித்தார். குளிர்காலத்தில் விமானமே வராது. மகன் பிறந்தபோதுகூட ஊர் திரும்ப முடியவில்லை. புயலில் சில பெங்குவின்கள் குஞ்சுகளோடு பள்ளத்தில் மாட்டிக்கொண்டன. ஒரு தாய், குஞ்சைக் காலில் சுமந்தபடி அலகைப் பனியில் குத்திக் குத்தி மேலே வந்தது. மற்றவற்றால் முடியவில்லை. குழுவினர் மண்வெட்டியால் பனியைச் செதுக்கிச் சாய்வான பாதை அமைத்தார்கள், அவ்வளவுதான். பறவைகளைத் தொடவில்லை, அவை தாமாகவே ஏறி வந்தன.

சரி, விதி? தலையிடாமை இந்தத் தொழிலின் வழக்கம்தான், அதற்குக் காரணமும் உண்டு: மானைக் காப்பாற்றினால் சிங்கக்குட்டி பட்டினி கிடக்கும். இங்கே யாருடைய இரையும் பறிபோகவில்லை. பிபிசி இதை மறைக்கவுமில்லை. 2018 நவம்பரில் ஒளிபரப்பான பெங்குவின் எபிசோடிலேயே அந்தக் காட்சி இருக்கிறது. தொடரின் நிர்வாகத் தயாரிப்பாளரும் குழுவின் முடிவை வெளிப்படையாகவே ஆதரித்தார். மெக்ரே அடுத்த ஆண்டு அந்த அனுபவத்தைப் புத்தகமாகவே எழுதினார்.

குடும்பக் குழுவில் இந்தச் செய்தி வந்தால் தயவுசெய்து மேலே அனுப்பாதீர்கள். அனுப்பியவரிடம் அந்த எபிசோடை ஒருமுறை பார்க்கச் சொல்லுங்கள்.