மூன்றாவது வீட்டில் குடியேறிய மெட்டு

உளவுப் படம் என்றதும் காதில் ஒலிப்பது டிரம்பெட்டும் எலெக்ட்ரிக் கிட்டாரும்தான். ஷான் கானரி ஜேம்ஸ் பாண்டாக வந்த காலத்தில் இசையமைப்பாளர் ஜான் பாரி போட்டுக்கொடுத்த பாதை அது. அதே கானரி வயதாகி, பாதிப் போதையில், கசங்கிய கோட்டோடு உளவு பார்க்கப் போனால்?

1990-இல் வந்த ‘த ரஷ்யா ஹவுஸ்’ அப்படி ஒரு படம். ஜான் லெ காரேயின் நாவல். பார்லி பிளேர் ஒரு பதிப்பாளர், ஜாஸ் பைத்தியம், சாக்ஸபோனும் வாசிப்பார். பிரிட்டிஷ் உளவுத்துறை அவரை மாஸ்கோவுக்கு அனுப்பிவைக்க, மனுஷன் அங்கே காத்யா என்ற ரஷ்யப் பெண்ணிடம் மனதைக் கொடுத்துவிடுகிறார். படத்தைப் பற்றி எனக்குப் பெரிய அபிப்பிராயம் கிடையாது; முதல் தடவை பார்த்தபோது நடுவில் தூங்கிவிட்டேன். ஆனால் ஜெர்ரி கோல்ட்ஸ்மித்தின் இசை ஆல்பத்தை எத்தனை ராத்திரி கேட்டிருப்பேன் என்று கணக்கே இல்லை.

இத்தனைக்கும் அதன் முக்கிய மெட்டு இந்தப் படத்துக்காகப் பிறந்ததே இல்லை. 1987-இல் ‘வால் ஸ்ட்ரீட்’ என்ற பங்குச்சந்தைப் படத்துக்குப் போட்டார், ஒத்துவரவில்லை. அடுத்த வருடம் ‘ஏலியன் நேஷன்’ என்ற வேற்றுக்கிரகவாசிப் படத்துக்கு சிந்தசைசரில் வாசித்து வைத்தார். அந்த இசையை மொத்தமாகவே தூக்கிவிட்டார்கள். மூன்றாவதாகத்தான் பார்லியிடம் வந்து சேர்ந்தது. இப்போது கேட்டால் வேறு யாருக்கும் அது பொருந்தாது என்று சத்தியம் செய்வேன். பங்குச்சந்தைக்காரர்களுக்கு இந்த ஏக்கம் எதற்கு, சொல்லுங்கள்?

வாசித்தவர்களையும் சொல்ல வேண்டும். பிரான்ஃபோர்ட் மார்சலிஸின் சோப்ரானோ சாக்ஸ், மைக்கேல் லாங்கின் பியானோ, ஜான் பட்டிடூச்சியின் பேஸ். பின்னால் வயலின் கூட்டம் மெல்லிய பனி மாதிரி படர்கிறது. மார்சலிஸ் மெட்டை நேராகச் சொல்வதே அபூர்வம். கொஞ்சம் தள்ளி ஆரம்பிப்பார், ஒரு சுரத்தில் தயங்குவார், முடிக்க வேண்டிய இடத்தில் முடிக்காமல் பியானோவிடம் விட்டுவிடுவார். ஹோட்டல் அறையில் ஒட்டுக்கேட்கிறார்கள் என்று தெரிந்தே பேசுகிறவன் பேச்சும் இப்படித்தானே இருக்கும்? உளவு வேலையில் முக்கால்வாசி காத்திருப்பு. கார் துரத்தலுக்கான பித்தளை முழக்கத்தை விட இந்தத் தயக்கம் அதற்கு நெருக்கமானது என்பது என் கட்சி. முழக்கம் தெரியாதவர் இல்லை கோல்ட்ஸ்மித். ‘த மேன் ஃப்ரம் அங்கிள்’ என்ற உளவுத் தொடரின் முகப்பிசை அவருடையதுதான்.

குறையும் உண்டு. ஆல்பம் ஒரு மணி நேரம் ஓடுகிறது, அதே மெட்டு திரும்பத் திரும்ப வருகிறது. பாட்டி ஆஸ்டின் பாடும் ‘அலோன் இன் த வேர்ல்ட்’ நல்ல பாட்டுதான், இருந்தாலும் சாக்ஸ் சொல்லாமல் விட்டதை வார்த்தை போட்டுச் சொல்லிவிடுகிறது. நான் அதைத் தாண்டிப் போய்விடுவேன்.

நேரம் இல்லாதவர்கள் கடைசி டிராக்கை மட்டுமாவது கேளுங்கள். ‘த ஃபேமிலி அரைவ்ஸ்’, ஏழு நிமிடத்துக்கும் மேல். லிஸ்பனில் பார்லி காத்திருக்கிறார். யாருக்காக, வந்தார்களா என்பதைச் சொல்ல மாட்டேன். டிராக்கின் பெயரிலேயே போட்டு உடைத்துவிட்டார்கள் என்பது வேறு விஷயம்.