ஜாமீனை எதிர்க்கவும் அவரேதான் வர வேண்டியிருந்தது

2016 மார்ச் 13 அன்று உடுமலைப்பேட்டையில் பட்டப்பகலில், சாதி கடந்து கல்யாணம் செய்ததற்காக சங்கர் என்ற தலித் இளைஞரை வெட்டிக் கொன்றார்கள். அந்த சிசிடிவி காட்சி அடுத்த ஓரிரு நாளில் என் கைபேசிக்கும் வந்தது, வெவ்வேறு வாட்ஸ்அப் குழுக்களிலிருந்து. முழுதாகப் பார்த்தேன். பார்த்திருக்கக் கூடாது என்று இப்போது நினைக்கிறேன். அதில் வெட்டுப்பட்டு விழும் பெண்ணை அன்று நாம் யாரும் ஓர் ஆளாகக்கூட எண்ணவில்லை, "அந்தப் பொண்ணு பிழைச்சிடுச்சா?" என்று கேட்டதோடு சரி.

அந்தப் பெண்தான் சங்கரின் மனைவி கௌசல்யா. வயது 19. கல்யாணமாகி எட்டு மாதம். தலையில் காயத்தோடு மருத்துவமனையிலிருந்து வந்தவர் போய் வாழ்ந்தது சங்கரின் ஊரான கொமரலிங்கத்தில், அவருடைய அப்பாவோடும் தம்பிகளோடும். பிறகு திருப்பூர் கோர்ட்டில் சாட்சிக் கூண்டில் ஏறி, குற்றம் சாட்டப்பட்டவர்களாக நின்ற தன் அப்பா அம்மாவுக்கு எதிராகச் சாட்சி சொன்னார். அவர்கள் ஜாமீன் கேட்டபோதெல்லாம் போய் எதிர்த்தார், ஒருமுறை இருமுறை இல்லை. பெற்ற தாய்க்கு ஜாமீன் தரக் கூடாது என்று ஒரு மகள் சொல்ல வேண்டுமென்றால் அதற்கு முந்தைய இரவு எப்படிப் போயிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள், எனக்கு அதற்கு மேல் யோசிக்க முடியவில்லை.

இதையெல்லாம் ஏன் இப்போது எழுதுகிறேன் என்றால், அவரைப் பற்றிப் பேச்சு வரும்போதெல்லாம் "என்ன தைரியம்!" என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். தைரியம்தான், மறுக்கவில்லை. ஆனால் அவ்வளவு தைரியம் இருந்தால்தான் வழக்கு நகரும் என்ற நிலை ஏன் இருக்க வேண்டும்? அவரைப் போல் நிற்க முடியாமல் ஊரை விட்டுப் போனவர்கள், பயந்து, முன்பு சொன்னதை மாற்றிச் சொல்லிப் பிறழ் சாட்சி ஆனவர்கள் எல்லாம் கோழைகளா?

சட்டத்தில் இடம் இல்லாமல் இல்லை. கீழ்க்கோர்ட்டு விடுதலை செய்தால் பாதிக்கப்பட்டவரே மேல்முறையீடு செய்யலாம் என்ற உரிமை 2009இன் கடைசி நாளிலிருந்து இருக்கிறது. தலித், பழங்குடி மக்களைக் காக்க வந்த வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 15ஏ என்று ஒரு பிரிவு இருக்கிறது. ஜாமீன் உட்பட எந்த விசாரணையாக இருந்தாலும் பாதிக்கப்பட்டவருக்கு முன்கூட்டியே தகவல் தர வேண்டும், அவர் சொல்வதைக் கேட்க வேண்டும், சாட்சிக்குப் பாதுகாப்பும் பயணச் செலவும் தர வேண்டும் என்கிறது அது. நடைமுறைக்கு வந்தது 2016 ஜனவரி 26. சங்கர் கொல்லப்படுவதற்கு ஏழு வாரம்கூட இல்லை. இன்றைக்கும் எத்தனை குடும்பத்துக்கு இந்தப் பிரிவு இருப்பதே தெரியும்? போலீஸ் ஸ்டேஷனில் எஃப்ஐஆர் நகல் கேட்கவே தயங்குகிறவர்களிடம் யார் இதை எடுத்துச் சொல்கிறார்கள்?

2017 டிசம்பர் 12 அன்று திருப்பூர் நீதிமன்றம் ஆறு பேருக்குத் தூக்கு விதித்தது, அதில் அவருடைய அப்பாவும் ஒருவர். அம்மா உட்பட மூன்று பேர் விடுதலை. 2020 ஜூன் 22 அன்று சென்னை உயர் நீதிமன்றம் அப்பாவை விடுவித்தது, மற்ற ஐவரின் தூக்கை ஆயுளாகக் குறைத்தது. வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. தூக்குத் தண்டனையில் எனக்கு உடன்பாடு இல்லை, அது வேறு பேச்சு. நான் பார்ப்பது அந்த வருடங்களை. ஒவ்வொரு தீர்ப்பு நாளிலும் அவர் வீட்டு வாசலில் மைக் நீண்டது, ஒவ்வொரு முறையும் அவர் வாயைத் திறந்து பேச வேண்டியிருந்தது.

இதற்கு நடுவிலும் சங்கர் பெயரில் அறக்கட்டளை தொடங்கினார், ஊர்ப் பிள்ளைகளுக்குப் படிப்பு சொல்லித்தர ஏற்பாடு செய்தார், பறை கற்றுக்கொண்டார், ஆணவக்கொலைக்குத் தனிச்சட்டம் வேண்டும் என்று மேடை மேடையாகக் கேட்டார். அப்புறம் 2018 கடைசியில் மறுமணம் செய்துகொண்டபோது முகநூலில் விழுந்த வசவுகளை மறக்க முடியவில்லை. அதுவரை கைதட்டியவர்களில் பலருக்கு அவர் கடைசிவரை சங்கரின் விதவையாகவே இருக்க வேண்டுமாம். உரிமை கேட்கிற பெண்ணுக்கு இருபத்தி ஒரு வயதில் வாழ்க்கை கேட்க உரிமை இல்லையா? பின்னாளில் கோவை வெள்ளலூரில் சொந்தமாக அழகு நிலையம் திறந்தார் என்று படித்தபோது, அவருடைய எந்த மேடைப் பேச்சைக் கேட்டபோதும் வராத நிம்மதி எனக்கு வந்தது.

தனிச்சட்டம் வேண்டும் என்ற அவருடைய கோரிக்கை வருடக்கணக்கில் சும்மா கிடந்தது. கலப்புமணத் தம்பதிகளுக்கு மாவட்டந்தோறும் தனிப்பிரிவு அமைக்கச் சொல்லி 2016 ஏப்ரலிலேயே சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. 2018இல் ஆணவக்கொலைகள் பற்றிய சக்தி வாஹினி வழக்கில் உச்ச நீதிமன்றமும் தனிப்பிரிவு, பாதுகாப்பு இல்லம் என்று விரிவாகவே சொன்னது. அதற்குப் பிறகும் 2025 ஜூலையில் நெல்லையில், வேறு சாதிப் பெண்ணைக் காதலித்த கவின் என்ற தலித் இளைஞர் வெட்டிக் கொல்லப்பட்டார். அந்த அக்டோபரில்தான் ஓய்வுபெற்ற நீதிபதி கே.என்.பாஷா தலைமையில், தனிச்சட்டம் பற்றிப் பரிந்துரைக்க ஆணையம் அமைப்பதாக அரசு அறிவித்தது.

ஆணையம் அமைத்தது சரி. சட்ட வல்லுநர்களை, அதிகாரிகளைக் கேட்பது இருக்கட்டும், இப்படி வெட்டிலிருந்து தப்பித்தவர்களை, பிள்ளையைப் பறிகொடுத்தவர்களை முதலில் உட்காரவைத்துக் கேளுங்கள். கோர்ட்டுக்கு எந்த பஸ்ஸில் போனீர்கள், கூட யார் வந்தார்கள், அன்றைய கூலியை யார் கொடுத்தார்கள், ஜாமீன் கிடைத்துவிட்டது என்று உங்களுக்கு யார் சொன்னார்கள் என்று கேளுங்கள்.