நூலகத்தில் தூங்கிய அந்தப் பெண்

நேற்று முழுக்கச் சுற்றிய படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். நூலக மேசையில் தலை சாய்த்துத் தூங்கும் பெண், மேலே "நம் வரிப்பணத்தில் ஏசி தூக்கம்" என்று ஒரு வரி. யாரோ முகம் தெரியாதவர்கள் பகிர்ந்திருந்தால் பேசாமல் கடந்து போயிருப்பேன். பகிர்ந்தவர்களில் பாதிப்பேர் என் நண்பர்கள், புத்தகக் கண்காட்சிக்கு என்னோடு பை தூக்கி வந்தவர்கள். அதுதான் வலிக்கிறது.

படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தீர்களா? அவள் கைக்கடியில் இருப்பது ஏழாம் வகுப்பு சமூக அறிவியல் புத்தகம். குரூப் 4 என்கிற அரசு வேலைத் தேர்வுக்குப் படிக்கிறவர்கள் பள்ளிப் புத்தகங்களை ஆறாம் வகுப்பிலிருந்து மறுபடி உருப்போட வேண்டும். பக்கத்தில் ஒரு டிபன் பாக்ஸ். காலையில் வந்தவள், சாப்பிட்டுவிட்டுப் பத்து நிமிடம் கண் அசந்திருக்கிறாள். வீட்டில் உட்கார்ந்து படிக்க இடமில்லாதவளுக்கு இடம் கொடுப்பதும் நூலகத்தின் வேலைதான். இதைத்தான் திரும்பத் திரும்பச் சொல்லப் போகிறேன்.

2012-இல் நானும் குரூப் 4 எழுதினேன். எங்களுக்கு ஒற்றை அறை வீடு. அப்பா நைட் ஷிப்ட் முடிந்து வந்து பகலில் தூங்குவார். விளக்குப் போட்டால் அவர் எழுந்துவிடுவார் என்று நான் வாசற்படியில் உட்கார்ந்து படிப்பேன். தெருவில் போகிற எல்லோரும் "என்னம்மா, இன்னும் வேலை கிடைக்கலையா?" என்று கேட்டுவிட்டுப் போவார்கள். தாங்காமல்தான் கிளை நூலகத்துக்குப் போக ஆரம்பித்தேன். வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டால் போதும், யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள். நாளிதழில் வரும் மாதிரி வினாத்தாளை நூலகர் அக்கா பின் குத்தி எனக்காக எடுத்து வைத்திருப்பார். ஒரு நாள் நானும் தூங்கிவிட்டேன். எழுந்தபோது கன்னத்தில் ஸ்பைரல் நோட்டின் கம்பித் தடம். தலைக்கு மேல் ஃபேன் வேகமாகச் சுற்றியது, அக்கா கூட்டி வைத்திருக்கிறார். அன்றைக்கு என்னை யாரும் படம் எடுக்கவில்லை.

சரி, வரிப்பணத்துக்கு வருவோம். 1948-இல் சென்னை மாகாணத்தில் வந்த பொது நூலகச் சட்டம்தான் சுதந்திர இந்தியாவின் முதல் நூலகச் சட்டம். அதன்படி சொத்து வரியில் ரூபாய்க்கு 10 காசு நூலக வரியாகப் போகிறது. அந்தப் பெண்ணின் குடும்பம் வாடகை வீட்டில் இருந்தாலும் அந்தக் காசு வாடகைக்குள்ளேயே இருக்கிறது. அதனால் "நம் வரிப்பணம்" என்கிற சொல்லில் அவளும் அடக்கம்.

ஒரு அண்ணன் கமெண்டில் கேட்டிருந்தார்: "எல்லாமே போனில் கிடைக்கிறபோது கட்டடம் எதற்கு?" அண்ணா, தமிழ் மின்நூலகத்தில் நானும்தான் தேடிப் படிக்கிறேன். தமிழ் நூல்களை இணையத்தில் இலவசமாக ஏற்றிவைக்க 1998-இல் தொடங்கிய மதுரைத் திட்டம் இல்லையென்றால் பல பழைய நூல்களை நான் கண்ணால் பார்த்திருக்கவே மாட்டேன். யாழ்ப்பாண நூலகம் 1981-இல் எரிந்தபோது 97,000 நூல்கள் போயின என்று படித்தவர்களுக்கு, பிரதி எடுத்து வைப்பதன் அருமையைச் சொல்லித்தர வேண்டியதில்லை. டிஜிட்டலுக்கு எதிராக நான் ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. ஆனால் ஒரே போனை அம்மா, தம்பி, இவள் மூவரும் பகிர்ந்துகொள்ளும் வீடுகள் இருக்கின்றன. ஸ்கேன் செய்த பக்கத்தை அந்தச் சின்னத் திரையில் விரலால் நகர்த்தி நகர்த்தி எவ்வளவு நேரம் படிப்பாள்? எங்கே உட்கார்ந்து படிப்பாள்? போன் உட்கார இடம் தருமா அண்ணா?

"நூலகம் கோச்சிங் சென்டர் ஆகிவிட்டது, இலக்கியம் படிக்க நாற்காலி இல்லை" என்பவர்களின் வருத்தம் எனக்குப் புரிகிறது. எங்கள் ஊரிலும் காலையில் பேப்பர் படிக்க வரும் பெரியவர்கள் நின்றுகொண்டே படிக்கிறார்கள். அதற்கு இன்னும் நாற்காலி கேளுங்கள், நானும் சேர்ந்து மனு எழுதுகிறேன். உட்கார்ந்திருப்பவளை ஏன் விரட்டுகிறீர்கள்? சென்னையில் 2010-இல் திறந்த அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் சொந்தப் புத்தகம் கொண்டுவந்து படிக்கவென்றே தனிப் பிரிவு இருக்கிறது. மறுவருடம் அதை மருத்துவமனையாக்கப் போவதாக அறிவிப்பு வந்தபோது நாம் எல்லோரும் எவ்வளவு கொதித்தோம்! அந்த நாற்காலிகளில் யார் உட்கார வேண்டும் என்று நினைத்துக் கொதித்தோம்?

இந்திய நூலக அறிவியலின் தந்தை என்று சொல்லப்படும் சீர்காழிக்காரர் எஸ்.ஆர்.ரங்கநாதன் 1931-இல் நூலகத்துக்கு ஐந்து விதிகள் சொன்னார். முதல் விதி, நூல்கள் பயன்பாட்டிற்கே. ஐந்தாவது, நூலகம் வளரும் உயிர். வளர்கிறது என்றால் நாம் பழகிய மாதிரியே இருக்காது. சுவரோரம் ஒரே ஒரு பிளக் பாயின்ட், அதில் ஒரு எக்ஸ்டென்ஷன் பாக்ஸ், அதிலிருந்து நாலு சார்ஜர் வயர். இன்றைய கிளை நூலகம் அப்படித்தான் இருக்கிறது.

போன மாதம் அதே நூலகத்துக்குப் போயிருந்தேன். பழைய அக்கா ஓய்வு பெற்றுவிட்டார், இப்போது இருப்பவர் வேறொருவர். ஒரு தாத்தா அவரிடம் பட்டன் போனை நீட்டி "இது என்னன்னு பாரும்மா" என்றார். ரேஷன் கார்டு சம்பந்தமாக வந்த மெசேஜ். புத்தகம் திருப்பித் தர வந்த இரண்டு பிள்ளைகளைக் காத்திருக்கச் சொல்லிவிட்டு, நூலகர் அதை இரண்டு முறை நிதானமாகப் படித்துக் காட்டினார். "ஓடிபி யாரு கேட்டாலும் சொல்லிடாதீங்க ஐயா" என்றும் சொல்லி அனுப்பினார். இதெல்லாம் அவருடைய வேலைப் பட்டியலில் இருக்கிறதா? ஊர்ப்புற நூலகர்கள் காலமுறை ஊதியம், அதாவது நிரந்தர ஊழியர்களுக்கு உள்ள மாதிரி ஏறுகிற சம்பளம், கேட்டு எத்தனை வருடமாகப் போராடுகிறார்கள் தெரியுமா? அதைப் பற்றி உங்களில் யாராவது ஒரு பதிவு போட்டீர்களா? தூங்குகிற பெண்ணைப் பற்றி மட்டும் உடனே எழுத வந்துவிட்டது.

"ஒரு போட்டோவுக்கு ஏன் இவ்வளவு கோபம்?" என்று இனி யாராவது கேட்பீர்கள். அவளுடைய அப்பா அந்தப் படத்தைப் பார்த்திருந்தால் இன்று காலை அவளை நூலகத்துக்கு அனுப்பியிருப்பாரா? நான் நேற்றிலிருந்து அதையேதான் நினைத்துக்கொண்டிருக்கிறேன். என் அப்பா அனுப்பியிருக்க மாட்டார்.

படம் இன்னும் மூன்று பேரின் பக்கத்தில் இருக்கிறது. உங்களுக்கே தெரியும். தயவுசெய்து எடுத்துவிடுங்கள்.